எம்.எஸ்.பாஸ்கர்: நம்ம முத்துப்பேட்டைக்காரரைப் பற்றி விரிவாக ஒரு இழை

கிளைத்தாங்கி:

2025 ஆகஸ்ட் முதல் தேதி சாயங்காலம் எங்கள் ஊர் டீக்கடை டிவியில் 71ஆவது தேசியத் திரைப்பட விருதுகளை வாசித்துக்கொண்டிருந்தார்கள். பார்க்கிங் படத்துக்காகச் சிறந்த துணை நடிகர் எம்.எஸ்.பாஸ்கர் என்று வந்ததும், கடைக்காரர் டீ ஆற்றுவதை நிறுத்திவிட்டு, "முத்துப்பேட்டையில பொறந்தவரு" என்றார். கடையில் இருந்த எல்லாருக்கும் தெரிந்த விஷயம்தான். இருந்தாலும் அவருக்குச் சொல்ல வேண்டியிருந்தது, எங்களுக்கும் கேட்க வேண்டியிருந்தது.

அன்றிலிருந்து அவர் நடித்ததில் கிடைத்ததையெல்லாம் தேடிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். டப்பிங் கலைஞராகப் பல வருஷம், நடுநடுவே சின்னச் சின்ன வேஷம், அப்புறம் சன் டிவி தொடர்கள், 2000க்குப் பிறகு சினிமாவில் ஓய்வே இல்லாத வேலை. இதைப் பலரும் எழுதிவிட்டார்கள். நான் சொல்ல வந்தது வேறு. பாஸ்கர் காதால் நடிக்கிறவர். அவருடைய மற்றத் திறமை எல்லாம் அந்தக் காதிலிருந்து முளைத்தது என்று எனக்குத் தோன்றுகிறது.

சின்ன பாப்பா பெரிய பாப்பா தொடரில் அவர் பட்டாபி. காது மந்தமான ஆள். எதிரில் இருப்பவர் ஒன்று சொல்வார், பட்டாபிக்கு வேறு ஒன்று கேட்கும். எங்கள் வீட்டில் அதைப் பார்த்து வயிறு வலிக்கச் சிரித்திருக்கிறோம். இப்போது பழைய பகுதிகளைத் திரும்பப் பார்க்கும்போது ஒன்று பிடிபட்டது. எதிராளியின் வாக்கியம் முடிகிற இடத்தில் பட்டாபியின் முகம் அசையாது. கொஞ்சம் பொறுத்து, துளிகூடச் சந்தேகம் இல்லாமல், தப்பான பதில் வரும். தடுமாறிக்கொண்டு சொல்லியிருந்தால் சிரிப்பு வந்திருக்காது. தனக்குச் சரியாகத்தான் கேட்டது என்று அந்த மனிதர் நம்புகிறார். அந்த இடைவெளியை அவ்வளவு துல்லியமாகப் பிடிக்க வேண்டுமென்றால் எதிராளியின் ஒவ்வொரு எழுத்தும் காதில் விழுந்தாக வேண்டும். காது கேட்காதவராக நடித்தவர், அந்த செட்டிலேயே மற்றவர்களை அதிகம் கேட்டவராக இருந்திருப்பார்.

அப்புறம் 2007இல் மொழி. புரொபசர் ஞானப்பிரகாசம். மகன் இறந்த 1984ஆம் வருஷத்திலேயே அவர் மனசு நின்றுவிட்டது. மகன் வருவான் என்று காத்துக்கொண்டிருப்பார். சுற்றி இருப்பவர்கள் இன்றைக்கு நடப்பதைப் பேசுவார்கள், அவர் 1984இல் இருந்து பதில் சொல்வார். பட்டாபிக்குப் போட்ட அதே கணக்குதான். ஒருவர் சொல்வது ஒன்று, இவரைப் போய்ச் சேர்வது வேறு. அங்கே சிரித்தோம், இங்கே தொண்டை அடைத்தது. மகன் இல்லை என்பதை அவர் ஒத்துக்கொண்டு உடைந்து அழுகிற காட்சியை, முன்னால் வருகிற அத்தனை சிரிப்புக் காட்சிகளையும் பார்த்த பிறகுதான் பார்க்க வேண்டும். தனியாகத் துண்டு வெட்டிப் பார்க்கக் கூடாது.

உங்களுக்கு என்ன தோன்றுகிறது? எதிர்க்கருத்து இருந்தாலும் எழுதுங்கள்.

நீடாமங்கலத்தான்:

நல்ல இழை அண்ணே. காது என்று நீங்கள் சொன்னதும் எனக்கு என் தாத்தா நினைவுதான் வந்தது.

எங்கள் வீடு மேளக்கார வீடு. ஊரில் நீடாமங்கலம் மீனாட்சிசுந்தரம் பிள்ளை தவிலைப் பற்றி இன்றைக்கும் பேசுவார்கள். அவர் வாசிக்கிறார் என்றால் தவிலைக் கேட்பதற்கென்றே கூட்டம் வந்த காலம் அது. என் தாத்தா நாயனமும் வாசிக்கவில்லை, தவிலும் அடிக்கவில்லை. அவர் ஒத்து ஊதினவர். ஒத்து தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். பார்க்க நாயனம் மாதிரியே இருக்கும், விரல் வைத்து வாசிக்கிற துளை கிடையாது. ஒரே சுருதிதான். கச்சேரி தொடங்கினதிலிருந்து முடிகிற வரைக்கும் மூச்சு விடாமல் அதைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும். கன்னத்தில் காற்றை அடக்கிக்கொண்டே மூக்கால் இழுப்பார். கடைசிக் காலத்தில்கூட அவர் கன்னம் தளர்ந்து பை மாதிரி தொங்கும். இப்போது சுருதிப் பெட்டி வந்துவிட்டதால் ஒத்துக்காரர்களைப் பார்ப்பதே அரிது.

தாத்தா ஒரு தடவை சொன்னார். நாயனக்காரர் சுருதியை விட்டு இம்மி விலகினாலும் முதலில் தெரிவது ஒத்து ஊதுகிறவனுக்குத்தான், ஆனால் அவன் திரும்பிக்கூடப் பார்க்கக் கூடாது, தன் சுருதியைக் கொஞ்சம் அழுத்தமாகக் கொடுத்தால் போதும், நாயனம் தானாக வந்து சேர்ந்துகொள்ளும் என்று. தசாவதாரம் படத்தில் கமல் பல்ராம் நாயுடுவாகப் பிய்த்து உதறிக்கொண்டிருப்பார். பக்கத்தில் அப்பா ராவாக பாஸ்கர். அந்தக் காட்சிகளில் பாஸ்கரை மட்டும் பாருங்கள். நாயுடு எவ்வளவு உயரம் போனாலும் பக்கத்தில் ஒரு சாதாரண அரசாங்க ஊழியர் நின்றுகொண்டிருக்கிறார். அவர் அங்கே நிற்பதால்தான் நாயுடுவை நாம் நம்புகிறோம்.

ஊரில் "அவனுக்கு இவன் ஒத்து ஊதுறான்" என்று ஏளனமாகச் சொல்வார்கள். அதைக் கேட்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வரும். ஒரு ராத்திரி முழுக்க ஊதிப் பார்த்தவர்கள் அப்படிப் பேச மாட்டார்கள்.

குடந்தை டேப்:

நான் ஒலிப்பதிவுக் கூடத்தில் வேலை பார்க்கிறவன். சொந்த ஊர் கும்பகோணம், பிழைப்பு சென்னையில். டப்பிங் பற்றிக் கொஞ்சம் சொல்கிறேன், ஏனென்றால் பாஸ்கர் சாருடைய அந்தக் காலத்தைப் பலர் ஒரு வரியில் தாண்டிவிடுகிறார்கள்.

இப்போது டப்பிங் என்றால் கம்ப்யூட்டரில் ஒவ்வொருவரும் தனித்தனியாக வந்து தன் வசனத்தை மட்டும் பேசிவிட்டுப் போய்விடலாம். எதிரில் பேசுகிறவர் யார் என்றே தெரியாமல் சண்டைக் காட்சி முழுசும் பேசி முடிக்கலாம். பழைய லூப் முறையில் அது முடியாது. படத்தைத் துண்டு துண்டாக வெட்டி, ஒவ்வொரு துண்டின் தலையையும் வாலையும் ஒட்டி வளையமாக்கிப் புரொஜெக்டரில் ஓட விடுவார்கள். திரையில் அதே காட்சி திரும்பத் திரும்ப வந்துகொண்டிருக்கும். அந்தக் காட்சியில் பேசுகிற எல்லாரும் மைக்கைச் சுற்றி ஒன்றாக நிற்க வேண்டும். ஒருவர் உளறினால் எல்லாருக்கும் மறுபடி முதலிலிருந்து. அதனால் நம் வசனத்தைவிட அடுத்தவர் வசனம் எப்போது முடிகிறது என்பதில்தான் உயிர் இருக்கும். எங்கள் மூத்தவர்கள் அந்த நாட்களை இன்றைக்கும் ஒருவித பயபக்தியோடுதான் சொல்வார்கள்.

தெலுங்கிலிருந்து வருகிற படங்களில் பிரம்மானந்தத்துக்குப் பல தடவை குரல் கொடுத்தவர் பாஸ்கர் சார். பிரம்மானந்தம் வாயால் பேசுவதைவிட மூச்சால் பேசுவது அதிகம். ஒரு செருமல், பாதியில் விழுங்கின சொல், பல்லைக் கடித்துக்கொண்டு ஒரு "ம்". தெலுங்கு உதட்டசைவுக்குத் தமிழ்ச் சொல்லைப் பொருத்துவது வசனம் எழுதுகிறவர் வேலை. அந்த மூச்சைப் பொருத்துவது குரல் கொடுக்கிறவர் வேலை. இன்னொரு நடிகரின் மூச்சை இத்தனை வருஷம் உன்னிப்பாகக் கேட்ட ஒருவர், பிறகு தானே கேமரா முன்னால் நிற்கும்போது எப்படி நிற்பார்?

ஒத்து ஊதுகிறவரைப் பற்றி நீடாமங்கலத்தான் எழுதியதைப் படித்துவிட்டு வேலையை விட்டுவிட்டு உட்கார்ந்திருந்தேன். இன்னும் எழுதுங்கள்.

மன்னை மைந்தன்:

எல்லாரும் பாராட்டுகிறீர்கள், எனக்கும் அவரைப் பிடிக்கும். ஆனால் ஒரு வருத்தத்தைச் சொல்லியாக வேண்டும். மொழி வந்தது 2007. 8 தோட்டாக்கள் வந்தது 2017. பார்க்கிங் 2023. கனமான வேஷம் என்று நாம் சொல்வதற்கு நடுவில் எத்தனை வருஷம்! அந்த இடைவெளியில் எத்தனை படங்களில் அவரைக் கத்த வைத்தார்கள், அடி வாங்க வைத்தார்கள், வேட்டி அவிழ்ந்து ஓட வைத்தார்கள். மொழி மாதிரி ஒரு வேஷத்தைப் பார்த்த பிறகும் ஒரு நடிகரை இப்படிப் பயன்படுத்த மனசு வருகிறதே, அதுதான் எனக்குப் புரியவில்லை. விருது வந்ததும் கொண்டாடுகிறோம், நல்லது. ஆனால் அவர் இழந்த வேஷங்களைப் பற்றியும் பேச வேண்டும்.

இன்னொன்று, டெல்டாக்காரர்களைப் பற்றிப் பேசும்போது எங்கள் ஊர் ராஜேஷை விட்டுவிடாதீர்கள். 1949இல் மன்னார்குடியில் பிறந்தவர். சென்னையில் பள்ளிக்கூட வாத்தியாராக இருந்தவர். 1974இல் அவள் ஒரு தொடர்கதையில் சின்ன வேஷம், 1979இல் கன்னிப் பருவத்திலே படத்தில் கதாநாயகன், 1984இல் அச்சமில்லை அச்சமில்லை. அப்புறம் மெல்ல மெல்ல அப்பா, டாக்டர், போலீஸ் அதிகாரி. கடைசியில் ரோஜா தொடரில் டைகர் மாணிக்கமாக வீட்டுக்கு வீடு வந்தார். 2025 மே 29ஆம் தேதி காலமானார். பாஸ்கருக்கு விருது அறிவிப்பதற்கு இரண்டு மாதம் முன்னால்.

கிளைத்தாங்கி அண்ணன் சொல்கிற காது விஷயம் ராஜேஷுக்கும் பொருந்தும். அந்த 7 நாட்கள் படத்தில் அவர் கல்யாணமான அன்றைக்கே மனைவியின் பழைய காதலைத் தெரிந்துகொள்கிற டாக்டர். பாக்யராஜும் அம்பிகாவும் படத்தைத் தூக்கிக்கொண்டு போகிறார்கள். ராஜேஷுக்குக் கேட்டுக்கொள்வதுதான் பெரிய வேலை. கோபப்படாமல், அழாமல், நல்லவன் என்று முகத்தில் எழுதி ஒட்டிக்கொள்ளாமல் கேட்கிறார். கடைசிக் காட்சியில் அந்தப் பெண் யாரோடு போக வேண்டும் என்று நாம் தவிக்கிறோமே, டாக்டர் அப்படிக் கேட்டுக்கொண்டு உட்காரவில்லை என்றால் அந்தத் தவிப்பு நமக்கு வந்திருக்காது. எங்கள் அம்மா இன்றைக்கும் அந்தப் படத்தை "டாக்டர் படம்" என்றுதான் சொல்வார்.

கிளைத்தாங்கி:

மைந்தன், வருத்தம் நியாயம். ஆனால் நடுவில் ஒன்றுமே இல்லை என்று சொல்ல முடியாது. 2011இல் பயணம் படத்தில் பாதிரியார். 2013இல் சூது கவ்வும் படத்தில் நேர்மையான மந்திரி. 2015இல் உத்தம வில்லனில் சொக்கு செட்டியார். முதலாளிக்கு வந்த கடிதத்தைப் பல வருஷம் முன்னால் மறைத்ததை ஒப்புக்கொள்கிறாரே, அந்தக் காட்சியில் அவர் சொல்லச் சொல்ல, அது கமலின் முகத்தில் என்ன செய்கிறது என்பதையும் சேர்த்துக் கவனித்துக்கொண்டே சொல்கிறார். பாவமன்னிப்புக் கேட்பவர்கள் அப்படித்தான் பேசுவார்கள். ஒவ்வொரு சொல்லும் எங்கே போய் விழுகிறது என்று பார்த்துவிட்டுத்தான் அடுத்ததை எடுத்து வைப்பார்கள்.

ராஜேஷைப் பற்றி எழுதியதற்கு நன்றி. அந்தப் படத்தை இந்தக் கண்ணோட்டத்தில் நான் யோசித்ததே இல்லை.

வெண்ணாறு:

நான் இங்கே படிப்பதோடு சரி, எழுதினதில்லை. இந்த இழைக்கு எழுத வேண்டும் போல இருந்தது.

என் அக்காவுக்குப் பிறந்ததிலிருந்து காது கேட்காது. பட்டாபி வந்துகொண்டிருந்த காலத்தில் அவள் பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்தாள். ஊர்ப் பெயரும் பள்ளியின் பெயரும் வேண்டாம். அங்கே அவளுக்குப் பெயர் பட்டாபி. பெண்பிள்ளை என்றுகூடப் பார்க்காமல் அப்படிக் கூப்பிட்டார்கள். பின்னால் நின்று கூப்பிடுவார்கள், அவள் திரும்ப மாட்டாள், எல்லாரும் சிரிப்பார்கள். அவளுக்கு என்ன பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள் என்பதே ரொம்ப நாள் தெரியவில்லை. ஒரு நாள் யாரோ நோட்டில் எழுதிக் காட்டினார்கள். வீட்டுக்கு வந்து என்னிடம் அந்தக் காகிதத்தை நீட்டி, இது யார் என்று சைகையில் கேட்டாள். எனக்கு அப்போது ஒன்பது வயசு. டிவியில் வருகிற மாமா என்று சொன்னேன். அந்த வாரம் அவள் என்னோடு உட்கார்ந்து பார்த்தாள். எல்லாரும் எதற்குச் சிரிக்கிறார்கள் என்று என்னைப் பார்த்துக் கேட்டுக்கொண்டே இருந்தாள். நான் சொல்லவில்லை.

நடிகர்மேல் தப்பு என்று சொல்ல வரவில்லை. எழுதிக் கொடுத்ததை அவர் நடித்தார், அபாரமாக நடித்தார், அது எனக்கும் தெரிகிறது. கிளைத்தாங்கி அண்ணா அந்த இடைவெளியைப் பற்றி எழுதியிருப்பது ரொம்பச் சரி. ஆனால் உங்கள் எல்லாருக்கும் அந்த இடைவெளியில் சிரிப்பு வருகிறது. எனக்கு அந்த இடைவெளியில் என் அக்கா நிற்கிறாள். காது கேட்காதவர்கள் தப்பாகக் கேட்டுவிட்டு, சந்தேகமே இல்லாதவர்களைப் போலப் பதில் சொல்ல மாட்டார்கள். தப்பாக இருக்குமோ என்று நாள் முழுக்கப் பயந்துகொண்டே இருப்பார்கள். அக்கா பேசுகிறவரின் வாயையே பார்த்துக்கொண்டு, புரியாவிட்டாலும் தலையாட்டிவிட்டு, அப்புறம் தனியாக வந்து என்னிடம் கேட்பாள். அந்தத் தொடரில் அந்தப் பயம் கிடையாது.

மன்னிக்கவும், நீளமாகிவிட்டது.

நீடாமங்கலத்தான்:

மன்னிப்புக் கேட்கிற விஷயமா இது தங்கச்சி? நல்லவேளை எழுதினீர்கள். நானும் சிரித்தவன்தான்.

கிளைத்தாங்கி:

இரண்டு நாளாக இதற்கு என்ன பதில் எழுதுவது என்று யோசித்துக்கொண்டிருந்தேன். துளிகூடச் சந்தேகம் இல்லாத பதில் என்று நான் எதைப் பெருமையாக எழுதினேனோ, அது உண்மையில் காது கேட்காதவர்களுக்கு நடப்பதே இல்லை என்று சொல்லிவிட்டீர்கள் அம்மா. சரிதான். பட்டாபியை இனி நான் பழையபடி பார்க்க முடியாது.

மொழி படத்தில் கதாநாயகி காது கேட்காத, வாய் பேசாத பெண். ஜோதிகா. அதே படத்தில் பாஸ்கர் நடித்திருக்கிறார். அந்தப் படத்தில் அவருடைய புரொபசர் தப்பான பதில் சொல்லும்போது பக்கத்தில் இருப்பவர்கள் முதலில் சிரித்து, பிறகு காரணம் தெரிந்து சிரிப்பதை நிறுத்துகிறார்கள். தொடரில் சிரிப்பு நிற்கவே இல்லை. எழுதுகிறவர்கள் எங்கே நிறுத்துகிறார்களோ அதைப் பொறுத்து ஒரே நடிப்பு இரண்டு விதமாகப் போய்விடுகிறது போலிருக்கிறது. குணச்சித்திர நடிகருக்கு அதில் எவ்வளவு பிடி இருக்கும்? கதாநாயகன் என்றால் இந்தக் காட்சி வேண்டாம் என்று சொல்லலாம். தொடரில் காலையில் வந்து உட்கார்ந்த பிறகுதான் பல நேரம் வசனமே கைக்கு வரும்.

பாமணி:

பிடி கொஞ்சமும் கிடையாது என்பதற்கு என் சித்தப்பாதான் சாட்சி. திருத்துறைப்பூண்டிப் பக்கத்திலிருந்து கோடம்பாக்கம் போனவர். துணை நடிகர். இங்கே ஒரு விஷயம். சினிமாக்காரர்கள் பேச்சில் துணை நடிகர் என்றால் கூட்டத்தில் நிற்கிறவர். பாஸ்கர், ராஜேஷ் மாதிரி ஆட்களைக் குணச்சித்திர நடிகர் என்பார்கள். விருதின் பெயரைத் தமிழில் துணை நடிகர் என்று எழுதும்போது என் சித்தப்பாவுக்கே குழப்பம் வந்தது, "நம்ம ஆளுங்களுக்கு எப்படா விருது குடுத்தாங்க" என்று கேட்டார்.

அவர் இருபது வருஷத்துக்கு மேல் இருந்தார். கல்யாண வீட்டில் பந்தியில் உட்காருவார், பஞ்சாயத்தில் பின்வரிசையில் நிற்பார், வக்கீலுக்குப் பின்னால் கோப்பைத் தூக்கிக்கொண்டு நடப்பார். ஒரு தடவை நம் பக்கத்திலேயே படப்பிடிப்பு. வயலுக்குள் நாள் முழுக்க நின்றார்கள். கடைசி மூன்று நாள் பேட்டா வரவே இல்லை. கேட்டால் மேனேஜர் இல்லை, நாளைக்கு வா. அப்படியே போய்விட்டது. அந்தக் கம்பெனியின் பெயரைச் சொல்லி இப்போது ஆகப் போவது ஒன்றும் இல்லை. சித்தப்பாவுக்குப் பணம் போனதைவிட, சொந்த ஊர் ஆட்கள் பார்க்க நின்றுவிட்டுக் கூலி வாங்காமல் வீட்டுக்கு வந்ததுதான் ஆறவில்லை.

அவருக்கு பாஸ்கர் என்றால் உயிர். அந்த வரிசையிலிருந்து இந்த வரிசைக்கு வர எத்தனை வருஷம் ஆகும் என்று அவருக்குத் தெரியும்.

அரசலாறு:

வயதில் மூத்தவன் என்பதால் கொஞ்சம் பின்னால் போகிறேன். எங்கள் திருமலைராயன்பட்டினத்துக்காரர் கே.ஏ.தங்கவேலு. 1936இலேயே சதி லீலாவதியில் தலை காட்டியவர். இன்றைக்கு எல்லாரும் நினைவு வைத்திருப்பது 1959இல் வந்த கல்யாண பரிசுதான். வேலையில்லாத மாப்பிள்ளை, மன்னார் அண்ட் கம்பெனியில் பெரிய உத்தியோகம் என்று மனைவியிடம் புளுகுவார். மனைவியாக வந்த எம்.சரோஜாவே பின்னால் வாழ்க்கைத் துணையாகவும் ஆனார்.

அவருடைய வித்தை என்ன தெரியுமா? மனைவி ஒரு கேள்வி கேட்டால், அந்தக் கேள்வியையே இழுத்து இழுத்துத் திருப்பிச் சொல்வார். அதற்குள் மனசுக்குள் பொய்யைத் தயார் பண்ணிக்கொள்வார். நாம் பார்த்துக்கொண்டிருக்கும்போதே பொய் உருவாகும். கேட்டதைக் காதில் வாங்கி, நாக்கில் உருட்டி, வேறாக்கி வெளியே விடுகிற வேலை. பாஸ்கர் அந்த வழியில் வந்தவர் என்று நான் நினைக்கிறேன். யாரும் கற்றுக்கொடுத்து வந்ததில்லை. எங்கள் பக்கத்துத் திண்ணைப் பேச்சே அப்படித்தான். கேட்ட உடனே பதில் சொல்கிறவனை அவசரக்காரன் என்பார்கள்.

மன்னார்குடியில் பிறந்த மனோரமாவையும் இங்கே யாராவது எழுதுங்கள். புதிய பாதைக்காக 1989ஆம் வருஷத்துக்கான இதே தேசிய விருதை, துணை நடிகை பிரிவில் வாங்கினவர். பாதிப் பதிவில் அடக்க முடியாத ஆள், அதனால் தனி இழையாகவே தொடங்கலாம்.

நாகேஷுக்குத் தேசிய விருது வந்ததும் இந்தத் துணை நடிகர் பிரிவில்தான், 1994இல் வந்த நம்மவர் படத்துக்கு. அறுபதுகளிலேயே கொடுக்கவில்லையே என்று கேட்கிற தம்பிகளுக்கு ஒரு தகவல். இந்தப் பிரிவே 1984ஆம் வருஷத்துப் படங்களிலிருந்துதான் தொடங்கியது. அதற்கு முன்னால் நடித்த பாலையாவுக்கும் ரங்காராவுக்கும் கொடுக்க அப்படி ஒரு விருதே கிடையாது.

தொலைக்காட்சி என்று சொன்னதும் இன்னொரு நினைவு. எண்பதுகளில் நம் கடலோரத்தில் சென்னை ஒளிபரப்பு புள்ளி புள்ளியாகத்தான் வரும். மூங்கில் கழியில் ஆன்டெனாவைக் கட்டித் தெற்கே திருப்பினால் இலங்கையின் ரூபவாகினி கண்ணாடி மாதிரி தெரியும். சிங்களம் ஒரு சொல் புரியாது. நாடகம் போடுவார்கள், குடும்பத்தோடு உட்கார்ந்து முகத்தைப் பார்த்தே கதையைச் சொல்லிக்கொள்வோம். வெண்ணாறு அம்மா எழுதியதைப் படித்ததும் அதுதான் ஞாபகம் வந்தது.

வெண்ணாறு:

ஐயா, நீங்கள் ரூபவாகினி பற்றி எழுதியதைப் படித்துவிட்டு ஒன்று செய்து பார்த்தேன். போன ஞாயிற்றுக்கிழமை அக்கா வந்திருந்தாள். அவளுக்கு இப்போது இரண்டு பிள்ளைகள். பார்க்கிங் போட்டேன். நானும் சத்தத்தை முழுசாகக் குறைத்துவிட்டேன், அவள் பார்க்கிற மாதிரியே பார்க்கலாம் என்று. கதையை முன்னாலேயே காகிதத்தில் நாலு வரி எழுதிக் கொடுத்திருந்தேன். ஒரே வீட்டில் இரண்டு வாடகைக் குடும்பம், ஒரு கார் நிறுத்துகிற இடம், பெரியவருக்கும் சின்னவருக்கும் சண்டை என்று.

முதலில் அவளுக்கு ஆள் யாரென்று தெரியவில்லை. கொஞ்ச நேரம் கழித்து என் கையைத் தட்டி, பள்ளிக்கூடத்தில் எழுதிக் காட்டிய அதே பெயரை என் உள்ளங்கையில் விரலால் எழுதினாள். ஆமாம் என்றேன். நிறுத்தட்டுமா என்று கேட்டேன். வேண்டாம் என்றுவிட்டாள்.

சத்தம் இல்லாமல் பார்க்கும்போது பாஸ்கர் நடித்த பெரியவர் இளம்பருதி வேறு ஆளாக இருக்கிறார். சத்தத்தோடு பார்த்தபோது எனக்கு அவர் கோபம்தான் தெரிந்தது. சத்தத்தை எடுத்துவிட்டால் அந்த மனிதர் எவ்வளவு பயந்திருக்கிறார் என்று தெரிகிறது. பத்து வருஷமாகச் சிக்கனமாக, மரியாதையாக இருந்த வீட்டில் நேற்று வந்த பையன் முன்னால் சிறுத்துவிடுவோமோ என்கிற பயம். அக்கா ஓரிடத்தில் நிறுத்தச் சொன்னாள். அவர் முகத்தைக் காட்டி, இவர் வாயைப் பார்க்கிறார் என்று சைகை செய்தாள். எதிரில் பேசுகிறவரின் வாயை. நான் திரும்பப் போட்டுப் பார்த்தேன். எனக்கு அது பிடிபடவில்லை. அவளுக்குத் தெரிகிறது. அவள் வாழ்க்கை முழுக்கச் செய்கிற வேலை அது.

டப்பிங்கில் நாள் முழுக்க அடுத்தவர் உதட்டைப் பார்த்துக்கொண்டிருந்த பழக்கமாக இருக்குமோ? குடந்தை அண்ணாதான் சொல்ல வேண்டும்.

குடந்தை டேப்:

இருக்கலாம் அம்மா, நிச்சயமாக இருக்கலாம். எங்கள் கூடத்துக்கு வருகிற பழைய டப்பிங்காரர்கள் கேன்டீனில் டீ குடிக்கும்போதுகூட நம் கண்ணைப் பார்த்துப் பேச மாட்டார்கள், பார்வை உதட்டில்தான் இருக்கும். ஏதோ கூச்சம் என்று நினைத்திருந்தேன். இனிமேல் கவனித்துப் பார்க்கிறேன்.

அக்காவுக்கு அடுத்து 8 தோட்டாக்கள் போட்டுக் காட்டுங்கள். அதில் அவர் தன் வாழ்க்கைக் கதையைச் சொல்கிற நீளமான காட்சி ஒன்று இருக்கிறது. முகம் மட்டுமே போதும்.

வெண்ணாறு:

அதைத்தான் தேடினேன் அண்ணா. ஆனால் அந்தக் காட்சியில் முழுக்கப் பேச்சு. கீழே ஓடுவது இங்கிலீஷ் எழுத்து. அக்கா தமிழ் வழியில் படித்தவள், தமிழ்தான் வேகமாகப் படிப்பாள். தமிழ்ப் படத்துக்குத் தமிழிலேயே எழுத்து ஓடுகிற மாதிரி எங்காவது கிடைக்கிறதா? யாருக்காவது தெரிந்தால் சொல்லுங்கள். இல்லையென்றால் அந்த ஒரு காட்சியின் வசனத்தை நானே கேட்டு எழுதிக் கொடுக்கலாம் என்று இருக்கிறேன்.

குடந்தை டேப்:

நீங்கள் எழுத வேண்டாம். நான் கேட்டு எழுதி, நேரத்தோடு கோப்பாகவே போட்டுத் தருகிறேன். மூச்சு விடுகிற இடத்தையும் அடைப்புக்குறியில் போட்டுவிடுகிறேன். வெள்ளிக்கிழமைக்குள் இதே இழையில் ஏற்றுகிறேன்.

நீடாமங்கலத்தான்:

மொழி படத்துக்கு நான் எழுதுகிறேன். தட்டச்சு மெதுவாகத்தான் வரும், பரவாயில்லையா?